ஓடுபாதையில் யாரும் இல்லை

எங்கள் ஊரில் விமானத்துக்குக் கை காட்டுகிற ஆள் நான் ஒருவன்தான். கற்பிட்டிப் பக்கம், ஊருக்கும் உப்புத்தண்ணீர்க் களப்புக்கும் நடுவே ஒரு சின்ன ஓடுபாதை இருக்கிறது. கிழமைக்கு மூன்று நான்கு தடவை, பத்துப் பேர் இருக்கக்கூடிய விமானம் ஒன்று வெளிநாட்டுக்காரர்களை ஏற்றிக்கொண்டு அங்கே வந்து இறங்கும். டொல்பின் பார்க்கவும், பட்டத்தைப் பிடித்துக்கொண்டு கடலில் சறுக்கவும் வருகிறவர்கள் அவர்கள். விமானம் வருவதற்கு அரை மணித்தியாலம் முன்பு நான் மோட்டார் சைக்கிளில் ஓடுபாதையின் இந்த முனையிலிருந்து அந்த முனைவரை போய் வரவேண்டும். மாடு, கழுதை, நாய், மனுசர் எது நின்றாலும் விரட்ட வேண்டும். பிறகு கம்பத்தில் தொங்கும் காற்றுப் பையைப் பார்த்து, காற்று எந்தப் பக்கமிருந்து அடிக்கிறது என்று வோக்கி-டோக்கியில் விமானிக்குச் சொல்ல வேண்டும். இறங்கியதும் கையில் இரண்டு மட்டைகளைப் பிடித்துக்கொண்டு, நிற்க வேண்டிய இடத்துக்கு விமானத்தைக் கூட்டிவர வேண்டும்.

என் மனைவிக்கு இது பெரிய பகிடி. "வானத்தில வாறது இவர் கையைக் காட்டினாக் கிட்ட வருது. வளவுல நிக்கிற ஆடு வருதா எண்டு கேளுங்க" என்பாள், வீட்டுக்கு வருகிற எல்லோரிடமும்.

ஆனால் எனக்குப் பெருமை இருந்தது. அதை மறைத்துப் பயனில்லை. மஞ்சள் மேலங்கியைப் போட்டால் எனக்கு நெஞ்சு ஒரு அங்குலம் முன்னே வந்துவிடும். விமானத்தின் விசிறி நிற்பதற்கு முன்பே ஹோட்டல் வான்காரர்கள் கிட்டக் கொண்டுவந்து நிறுத்தப் பார்ப்பார்கள். சிவப்புக் கொடியை நீட்டி அவர்களை மறித்து, வாய்க்கு வந்தபடி ஏசுவேன். எண்ணெய் ஏற்றிவரும் பவுசர்காரரும் என்னிடம் ஏச்சு வாங்கியிருக்கிறார். ஒழுங்கு என்றால் ஒழுங்குதான் என்று சொல்லுகிற ஆள் நான். அப்படிச் சொல்லிக்கொண்டு இருந்தவன் என்பதையும் எழுதிவிட வேண்டும்.

எழுதப்பட்ட ஒழுங்கில் இல்லாத ஒரு விசயமும் எங்கள் ஓடுபாதையில் நடந்துகொண்டிருந்தது. ஊர்ப் பெண்கள் அதில் நெத்தலி மீன் காயப்போடுவார்கள். கடற்கரை மணலில் காய்ந்த நெத்தலியைக் கடித்தால் பல்லில் மண் நெறுநெறுக்கும். தார்ப்பாதையில் பழைய வலையை விரித்துக் காயப்போட்டால் ஒரே பகலில் மொறுமொறுவென்று காய்ந்துவிடும். ஒரு மணல்கூட இருக்காது. சிலாபத்து வியாபாரிகள் எங்கள் ஊர் நெத்தலியைத் தேடி வாங்கியது அதனால்தான்.

இதில் ஒரு சூட்சுமம் இருந்தது. விமானம் எப்போதும் காற்றை எதிர்த்துத்தான் இறங்கும். வடக்கிலிருந்து வாடைக் காற்று அடிக்கிற காலத்தில் தெற்கு முனையால் வந்து இறங்கி, பாதையின் பாதியிலேயே வேகம் தணிந்து என்னிடம் திரும்பிவிடும். வடக்கு முனை சும்மா கிடக்கும். பெண்கள் அங்கே காயப்போடுவார்கள். தெற்கிலிருந்து சோளகம் தொடங்கினால் எல்லாம் தலைகீழ். விமானம் வடக்கால் வரும், நெத்தலி தெற்கு முனைக்கு மாறும். இதை அவர்களுக்கு யாரும் படிப்பிக்கவில்லை. கடலுக்குப் போகிற வீடுகளில் காற்று மாறுவது சமையலறைக்கே தெரியும்.

நான் கண்டும் காணாதவன்போல் இருந்தேன். இல்லை, அதுவும் பொய். நானே சம்மதம் சொன்னேன். "நான் ஹோன் அடிச்சிக்கொண்டு வந்தா, எல்லாத்தையும் சுருட்டிக்கொண்டு வேலிக்கு அங்கால போயிரணும். அவ்வளவுதான்" என்று அவர்களுக்குச் சொன்னது நான்தான். அது எங்கள் உடன்படிக்கை. முள்ளுக்கம்பி வேலியில் ஒரு ஆள் குனிந்து போகிற அளவுக்கு இடைவெளி இருந்தது. என் ஹோன் சத்தம் கேட்டதும் ஆளுக்கொரு வலை முனையைப் பிடித்துச் சுருட்டி, பத்து நிமிடத்தில் பாதையைத் துடைத்தெடுத்ததுபோல் ஆக்கிவிடுவார்கள். பல வருடம் ஒரு பிழையும் நடக்கவில்லை.

அந்தப் பெண்களில் மூத்தவர் என் பக்கத்து வளவு ராத்தா. சொந்த அக்கா இல்லை, ஆனாலும் சின்ன வயதிலிருந்து ராத்தா என்றுதான் கூப்பிடுவேன். என்னைவிடப் பத்து வயது கூடியவர். சிலாபப் பக்கமிருந்து எங்கள் ஊருக்கு மணமுடித்து வந்தவர். புருசனுக்கு இடுப்பு முறிந்து கடலுக்குப் போக ஏலாமல் போனபிறகு, வீட்டை நடத்தியது அந்த நெத்தலிதான். வாய் கொஞ்சம் நீளம். நான் ஹோன் அடித்துக்கொண்டு போனால், "வாறார் மாப்பிள்ளை, வெத்தில தட்டை எடுங்கடி" என்று கத்துவார். எல்லாரும் சிரிப்பார்கள். நானும் சிரித்துக்கொண்டு போவேன்.

அது நோன்பு மாதம். வாடை ஓய்ந்து சோளகம் இன்னும் பிடிக்காத நாட்கள். இந்த இடைக்காலத்தில் காற்றை நம்ப முடியாது, காலையில் ஒரு பக்கம், பகலில் ஒரு பக்கம் அடிக்கும். அந்த நாட்களில்தான் நான் மிகவும் கவனமாக இரண்டு முனைக்கும் போகவேண்டும். அன்றைக்கு விமானம் பத்தரைக்கு வருவதாக இருந்தது. பத்து மணிக்கு மோட்டார் சைக்கிளைப் பார்த்தேன். வெயிலில் நின்ற சீட் தகதகவென்று கொதித்துக்கொண்டிருந்தது. ஓடுபாதை ஓரத்தில் இருந்த என் கொட்டிலுக்குள் நிழல். அங்கே கிடந்த மர வாங்கில் கொஞ்சம் சாய்ந்துவிட்டுப் போவோம் என்று சாய்ந்தேன்.

நோன்பைச் சாட்டாகச் சொல்ல மாட்டேன். ராத்தாவும் நோன்புதான், வெயிலில் குந்தி நெத்தலி புரட்டிக்கொண்டிருந்தவர். எனக்கு வந்தது வெறும் சோம்பல். வேறு பெயர் வைக்க ஏலாது.

வோக்கி இரைந்தபோதுதான் எழும்பினேன். விமானி காற்றைக் கேட்டார். வெளியே வந்து பார்த்தேன். காற்றுப் பை திரும்பியிருந்தது. விடியற்காலையில் வாடைப் பக்கமாக இருந்தது, இப்போது தென்மேற்கிலிருந்து வீசியது. அதைச் சரியாகத்தான் சொன்னேன். அப்படியென்றால் வடக்கு முனையால் வருகிறேன் என்றார். பிறகு வழமையான கேள்வியைக் கேட்டார், பாதையில் யாரும் இருக்கிறார்களா என்று.

வடக்கு முனை என் கொட்டிலிலிருந்து தெரியாது. இடையில் பாதை சற்று மேடேறி இறங்கும், வெயிலில் கானல் வேறு. எனக்குத் தெரிந்ததெல்லாம் இவ்வளவுதான்: காற்று மாறிவிட்டது, பெண்களுக்குக் காற்றுத் தெரியும், இந்நேரம் எழும்பிப் போயிருப்பார்கள். இரண்டு நிமிடம் பொறுங்கள் என்று சொல்லியிருக்கலாம். விமானி ஒரு வட்டம் அடித்துவிட்டு வந்திருப்பார், அதற்காக ஒருவரும் என்னைக் கடித்துத் தின்றிருக்க மாட்டார்கள்.

"ஓடுபாதையில் யாரும் இல்லை" என்று சொன்னேன்.

மற்றப் பெண்கள் காற்று மாறியதும் போய்விட்டார்கள்தான். ராத்தா மட்டும் இருந்தார். அன்றைக்கு அவரிடம்தான் மீன் அதிகம். இன்னும் ஹோன் சத்தம் வரவில்லை, அப்படியானால் நேரம் இருக்கிறது என்று இருந்திருக்கிறார். அவர் நம்பியது காற்றை அல்ல, என்னை.

விமானம் தாழ இறங்கி வருவதைக் கண்டேன். சட்டென்று அதன் சத்தம் மாறியது. மூக்கை உயர்த்திக்கொண்டு என் தலைக்கு மேலால் உறுமிக்கொண்டு போனது. எனக்கு அப்போதே விளங்கிவிட்டது. மோட்டார் சைக்கிளை எடுத்துக்கொண்டு வடக்கு முனைக்குப் பறந்தேன். ராத்தா நெத்தலிக்கு மேலேயே முகங்குப்புறக் கிடந்தார். செத்துவிட்டார் என்றே நினைத்தேன். கிட்டப் போனதும் எழும்பி உட்கார்ந்தார். முழங்கையில் தோல் உரிந்து இரத்தம். முக்காடெல்லாம் செதில். அவருடைய நெத்தலி வேலிவரை சிதறிக் கிடந்தது.

"ஹோன் அடிக்கல்லயே தம்பி" என்றார். ஏசவில்லை. உண்மையாகவே விளங்காமல் கேட்டார்.

"கெதியா வெளிய போங்க ராத்தா, பிளேன் திரும்பி வருது" என்றேன். அதுதான் என் பதில்.

விமானி இரண்டாம் முறை வந்து இறங்கினார், இறங்கியதும் முறைப்பாடு செய்தார். இரண்டு நாள் கழித்து விசாரிக்க ஒரு அதிகாரி ஜீப்பில் வந்தார். அமைதியான மனிதர், சிங்களம் மட்டும் தெரிந்தவர். கொட்டிலுக்குள் மேசை போட்டு, முதலில் என்னை விசாரித்தார். நான் தயாராகத்தான் இருந்தேன். முனைக்கு முனை போய்ப் பார்த்தேன், ஹோன் அடித்தேன், அப்போது ஒருவரும் இல்லை என்று சொன்னேன். நான் சிங்களம் நன்றாகப் பேசுவேன். பொய்யும் நன்றாகவே வந்தது.

பிறகு ராத்தாவைக் கூப்பிட்டார்கள். புருசனின் கறுப்புக் குடையைக் கையில் பிடித்துக்கொண்டு வந்து கதிரையின் நுனியில் இருந்தார். முழங்கையில் துணி கட்டியிருந்தது. மொழிபெயர்க்க ஆள் வருவதாக இருந்ததாம், வரவில்லை. அதிகாரி மணிக்கூட்டைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"உனக்குத்தான் இரண்டு பாசையும் தெரியுமே, நீயே சொல்லு" என்றார்.

இந்த இடத்தில் நான், அது சரியில்லை சேர், வேறு ஆளைக் கூப்பிடுங்கள் என்று சொல்லியிருக்கலாம். கதிரையை மேசைக்குக் கிட்ட இழுத்துப்போட்டேன். உண்மையைச் சொன்னால், மனதுக்குள் ஒரு சந்தோசமும் வந்தது. தப்பிவிட்டேன் என்ற சந்தோசம். அதை நினைத்தால்தான் இப்போதும் எனக்கு முகம் எரிகிறது.

முதல் கேள்வி, எப்போது பாதைக்குள் வந்தாய் என்பது. தமிழில் கேட்டேன்.

"விடியவே வந்திட்டன். அங்கதான் இருந்தன். இவர் ஹோன் அடிக்கவுமில்ல, அந்தப் பக்கம் வரவுமில்ல" என்றார் ராத்தா.

அதிகாரி பேனாவோடு காத்திருந்தார். "இவர் போனபிறகுதான் உள்ளே வந்தேன், ஹோன் சத்தம் கேட்கவில்லை என்று சொல்கிறார்" என்று சிங்களத்தில் சொன்னேன். அவர் எழுதினார்.

அடுத்த கேள்வி, தடுக்கப்பட்ட இடத்தில் ஏன் மீன் காயப்போட்டாய் என்பது.

"இவர்தானே காயப்போடச் சொன்னவர்? எத்தின வருசமாப் போடுறம். எங்களுக்கு ஒரு நாளும் வேணாமெண்டு சொல்லல்லயே."

"தடை என்று தெரியாதாம்" என்றேன்.

ஒவ்வொரு முறையும் நான் சிங்களத்தில் சொல்லும்போது ராத்தா என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். விளங்காத பாசையைக் கேட்கிறவர்கள் அப்படித்தான் பார்ப்பார்கள் என்று நினைத்தேன். கடைசியாக அதிகாரி, வேறு ஏதும் சொல்ல இருக்கிறதா என்று கேட்கச் சொன்னார். கேட்டேன். ராத்தா என்னைப் பார்த்தார், அதிகாரியைப் பார்த்தார், மறுபடி என்னைப் பார்த்தார்.

"ஒண்டுமில்ல" என்றார்.

அந்த ஒரு சொல்லை மட்டும்தான் உள்ளபடி மொழிபெயர்த்தேன். சிங்களத்தில் எழுதிய தாளைத் தள்ளினார்கள். ராத்தா தமிழில் கையெழுத்து வைத்தார். அதற்குக் கீழே, மொழிபெயர்த்தவர் என்ற இடத்தில், நான் வைத்தேன்.

ராத்தாவை எச்சரித்து விட்டுவிட்டார்கள். வழக்கு இல்லை. பெரிய மனதுடன் நடந்தார்கள் என்று நானே ஊரில் சொல்லித் திரிந்தேன். அடுத்த மாதம் வேலியில் கொங்கிரீட் தூண் நட்டு, ஆள் உயரத்துக்கு மேல் கம்பி அடித்தார்கள். இடைவெளி போனது. நெத்தலி திரும்பவும் மணலுக்குப் போனது. பெண்கள் பெருமூச்சு விட்டுவிட்டு ஒரு ஆளைத் தேடினார்கள், ஏசுவதற்கு. "நாங்க எல்லாரும் நேரத்துக்கு எழும்பி வந்திட்டம். இவவுக்கு மட்டும் ஆசை அடங்கல்ல. எல்லாருக்கும் சேத்து மண்ணைப் போட்டுட்டா" என்று கதை கட்டினார்கள். ராத்தா மறுத்திருக்கிறார், அந்த மனுசன் அன்றைக்கு வரவேயில்லை என்று. அப்படியென்றால் நீ ஏன் கையெழுத்து வைத்தாய் என்று கேட்டிருக்கிறார்கள். அவர் தன் வலையைச் சுருட்டிக்கொண்டு வீட்டுக்குப் போய்விட்டாராம். இதையெல்லாம் என் மனைவிதான் வந்து சொன்னாள். சொல்லிவிட்டுக் கேட்டாள்.

"நீங்க அண்டைக்குப் போனீங்கதானே?"

"போனன்" என்றேன்.

அந்த நோன்புப் பெருநாளுக்கு ராத்தாவின் வீட்டுக்கு ஒருவரும் வட்டிலாப்பம் கொடுத்தனுப்பவில்லை. என் மனைவி மட்டும் ஒரு தட்டில் வைத்து, துணியால் மூடி, என்னிடம் தந்தாள். கொண்டுபோய்ப் படலையில் நின்றேன். ராத்தா வந்து வாங்கினார். வெறுந்தட்டைத் திருப்பித் தரக்கூடாதென்று, கழுவி, இரண்டு கதலி வாழைப்பழம் வைத்துத் தந்தார். "உள்ளுக்கு வாங்களன் தம்பி" என்றார். வேலை இருக்கிறது என்று சொல்லிவிட்டு வந்தேன். பெருநாள் அன்று எனக்கு என்ன வேலை?

அதற்கிடையில் மேலிடத்திலிருந்து எனக்கு ஒரு கடிதம் வந்தது, கடமையைக் கவனமாகச் செய்தமைக்காகப் பாராட்டி. மனைவி அதைக் கண்ணாடிச் சட்டம் போட்டு மாட்டலாம் என்றாள். நான் அலுமாரிக்குள், உடுப்புக்கு அடியில் வைத்தேன். அவள் என்னை அடக்கமான ஆள் என்று நினைத்தாள்.

ஒரு வருடத்துக்கு மேல் போயிருக்கும். மோட்டார் சைக்கிளுக்கு ஒரு சாமான் வாங்கச் சிலாபம் போய், பகல் பஸ்ஸில் திரும்பிக்கொண்டிருந்தேன். கடைசி சீட்டில் இருந்தேன். சந்தைக்குக் கிட்ட பஸ் நின்றபோது முன்பக்கம் சத்தம். சந்தையில் மிஞ்சிய கருவாட்டு மூட்டையோடு ஏற விடமாட்டேன் என்று கொண்டக்டர் சிங்களத்தில் மறித்தார். ஏறியவர் விடவில்லை.

"மகன், இப்ப மூக்கைப் பொத்துங்க, பரவாயில்ல. பின்னேரம் வீட்டில இதைப் பொரிச்சு வச்சா முதலாவதாத் தட்டோட வாறது நீங்கதான்" என்றது ஒரு பெண் குரல். சிங்களத்தில்தான். நல்ல, வேகமான, சிலாபச் சந்தைச் சிங்களம். பஸ்ஸே சிரித்தது. கொண்டக்டரும் சிரித்துவிட்டு மூட்டையை வாங்கி மேலே வைத்தார்.

ராத்தாவின் குரல்.

அவர் முன்சீட்டில் ஒரு சிங்கள அம்மாவுக்குப் பக்கத்தில் இருந்து, மழை, விலைவாசி, மகளின் பிரசவம் என்று வழி நெடுகக் கதைத்துக்கொண்டு வந்தார். சிலாபப் பக்கம் பிறந்து வளர்ந்தவர், சின்ன வயதில் தாயோடு அந்தச் சந்தையில் மீன் விற்றவர். எனக்கு இது தெரியாததல்ல, அவருடைய கலியாணச் சாப்பாடு சாப்பிட்டவன் நான். ஆனால் கருவாடு காயப்போடுகிற ஒரு பொம்பிளைக்கு நான் பேசுகிற பாசை விளங்கும் என்று ஒரு நாளும் என் புத்திக்குப் படவில்லை. பொய்யைவிட இது எனக்குக் கேவலமாகப் பட்டது.

பாலாவியில் இறங்கி ஊருக்கு வேறு பஸ் எடுக்க வேண்டும். உப்பளம் தெரியத் தொடங்கியதும் எழும்பி முன்னால் போனேன். ஓடி ஒளிய இடமில்லை. என்னைக் கண்டதும் ராத்தா, "ஆ, தம்பி, நீங்களும் இந்த பஸ்லயா" என்றார்.

"ராத்தா, உங்களுக்குச் சிங்களம் தெரியுமா?"

"தெரியாமலா சிலாபத்துல வியாபாரம் செஞ்சன்?"

"அப்ப அண்டைக்கு..."

அவர் மூட்டையை ஒருமுறை நிமிர்ந்து பார்த்துவிட்டுச் சொன்னார். "முதல் கேள்விக்கு நீங்க மாத்திச் சொன்னீங்க. பயத்துல வாய் தவறிட்டு எண்டு நினைச்சன். அடுத்ததில திருத்துவீங்க எண்டு பாத்துக்கொண்டு இருந்தன். பிறகு பேப்பர் முடிஞ்சிபோச்சி."

"நீங்களே அவருக்கிட்ட சொல்லியிருக்கலாமே ராத்தா." வெட்கங்கெட்டு இதையும் கேட்டேன்.

"சொன்னா உங்கட வேல போயிருக்கும். என்ட வாயால அது போகவேணாம் எண்டு இருந்தன். ஊருக்காவது நீங்களாச் சொல்லுவீங்க எண்டு நினைச்சன்."

"நாளைக்கே சொல்றன்" என்றேன். அவர் தலையை ஆட்டினார். நம்பியதாகத் தெரியவில்லை, ஏசவும் இல்லை.

பஸ் பாலாவிச் சந்தியில் நின்றது. நான் எட்டி மூட்டையை இறக்கினேன். பக்கத்திலிருந்த அம்மா என்னைப் பார்த்துவிட்டு, யார் இது, மகனா என்று சிங்களத்தில் கேட்டார்.

"எங்கட ஊர்த் தம்பி" என்றார் ராத்தா, அதே சிங்களத்தில். "பிளேன் இறக்கிற இடத்துல பொறுப்பான வேலை. நல்ல மனுசன், நேர்மையான ஆள்."

அந்த அம்மா என்னைப் பார்த்துச் சிரித்தார். நானும் சிரித்தேன்.